கம்பளித் தொப்பிக்காரரின் வசனம்

1

போன மாதம் என்னைப் படம் பிடித்தார்கள். ஊரில் இருந்து இதை வாசிக்கிறவர்கள் பதற வேண்டாம். பொலிஸ் பிடித்த படம் இல்லை, டொக்குமென்டரி. அதுவும் என்னைப் பற்றியது அல்ல, என் மகள் மதுராவைப் பற்றியது. நான் அதில் ஒரு நிமிடம் வருகிறேன். அந்த ஒரு நிமிடம் என்னைப் படுத்திய பாட்டைச் சொல்லத்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

மதுரா எண்ணூறு மீற்றர் ஓடுகிறவள். இந்தப் பலெர்மோவில் பிறந்தவள். பதினெட்டு முடிந்ததும் இத்தாலியப் பிரஜையாகி, இந்த வசந்தத்தில் முதல்முறையாக நாட்டின் நீலச் சட்டையைப் போட்டுக்கொண்டு வடக்கே ஓர் இளையோர் போட்டியில் ஓடினாள். அஞ்சல் ஓட்டத்திலும் நின்றாள். அஞ்சலில் இத்தாலி முதலாவது. நாலு பிள்ளைகள் மேடையில் நிற்க, கொடி ஏறியது, கீதம் போனது. நாலாவதாக நின்ற கறுப்புப் பிள்ளை என்னுடையது. நானும் மனைவி ரஜனியும் போர்கோ வெக்கியோவில் எங்கள் வீட்டுக் குசினியில் இருந்து அதைப் பார்த்தோம்.

அடுத்த நாள் தெருவில் நடக்க முடியவில்லை. மீன்காரர், கோழி பொரிக்கிறவர், ஒரு நாளும் என் முகத்தைப் பார்த்திராத மருந்துக்கடைக்காரர், எல்லோரும் என்னைப் பிடித்துக் கன்னத்தில் கொஞ்சினார்கள். "எங்கடை பிள்ளை, எங்கடை பிள்ளை" என்றார்கள். நானும் தலையை ஆட்டிக்கொண்டு நின்றேன்.

ஆனால் அவளுக்கு நான் ஒன்றும் சொல்லவில்லை. மேடையில் இருந்து இறங்கின கையோடு அவள் எடுத்த போனில் நடந்த சம்பாஷணை இவ்வளவுதான்.

"அப்பா, பாத்தனீங்களோ?"

"ஓம், பாத்தனான். சாப்பிட்டியே?"

"ம்."

அவள் கொஞ்ச நேரம் போனை வைக்காமல் இருந்தாள். நானும் வைக்காமல் இருந்தேன். பிறகு அவளே வைத்துவிட்டாள். அன்றிரவு ரஜனி என்னோடு சண்டைக்கு வந்தாள்.

"பிள்ளை என்னட்டைக் கேக்கிறாள், நான் இத்தாலிக்கு ஓடுறது அப்பாக்கு விருப்பமில்லையோ எண்டு. ஒரு வார்த்தை சொன்னா வாய் வெந்திடுமே உங்களுக்கு?"

விருப்பமில்லை என்று இல்லை. என்ன வார்த்தை என்றுதான் எனக்குத் தெரியவில்லை. அதற்கு நான் என் அப்பாவிடம் போக வேண்டும்.

2

அப்பா இலங்கையில், முள்ளியவளையில் கூட்டுறவுச் சங்கக்கடை மனேச்சர். மனேச்சர் என்றால் பெரிதாக நினைக்க வேண்டாம். மாவும் சீனியும் அவரே நிறுத்துக் கொடுப்பார். கட்சியில் சேர்ந்தவர் இல்லை, ஆனால் சோவியத் நாட்டின் பேரைச் சொன்னால் முகம் மலர்ந்துவிடும் கூட்டத்தில் ஒருவர். அந்தக் காலத்தில் கொழும்பில் இருந்து சோவியத் படங்கள் வட்டத் தகரப் பெட்டிகளில் வரும். பள்ளிக்கூட மைதானத்தில் வலைப்பந்துத் தூண்கள் இரண்டுக்கும் நடுவில் வெள்ளைச் சீலை கட்டி, ஜெனரேற்றர் வைத்துப் போடுவார்கள். அணைக்கட்டுப் படம், உழவு மெசின் படம், வான்வெளிப் படம் எல்லாம் வரும். சனம் கேட்டுக் கேட்டுப் போடச் சொன்னது விளையாட்டுப் படங்களைத்தான்.

அந்தப் படங்கள் எல்லாவற்றுக்கும் ஒரே அச்சு. ஓடுகிற பெண்ணின் காலைக் காட்டுவார்கள், அடுத்ததாக ஆலையில் சுழலும் சக்கரத்தைக் காட்டுவார்கள், அதற்கடுத்ததாகக் காற்றில் அசையும் கோதுமை. கால், சக்கரம், கோதுமை. ஓடுவது அவள் இல்லை, நாடே ஓடுகிறது என்று அர்த்தம். பாரம் தூக்குகிறவன் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்தால், எங்கேயோ சுரங்கத்தில் இருப்பவர்கள் விளக்குத் தொப்பியைக் கழற்றி ஆட்டுவார்கள். கடைசியில் மேடை, கொடி, கீதம், கண்ணீர்.

பின்னால் ஒரு குரல் இங்கிலீசில் விளக்கம் சொல்லிக்கொண்டு போகும். அது எங்கள் ஒருவருக்கும் விளங்காது. அதனால் அப்பா படப்பெட்டிக்குப் பக்கத்தில் கதிரை போட்டு உட்கார்ந்து, "சத்தத்தைக் குறைச்சு விடு தம்பி" என்று சொல்லிவிட்டு மைக்கை வாங்கிக்கொள்வார். அவருடைய இங்கிலீஸ் பால்மா ரின்னில் எழுதியிருப்பதை வாசிக்கக் காணும். அதற்கு மேலே கொஞ்சமும் காணாது. ஆனால் ஒரு படத்துக்கும் அவர் வாய் மூடி இருந்ததில்லை.

"உந்தப் பெடியனுக்கு நேற்று முழுக்கக் காய்ச்சல். தூக்க வேண்டாம் எண்டு தாய் சொன்னவ. கேக்கேல்லை. இப்ப பாருங்கோ."

சனம் மூச்சை அடக்கிக்கொண்டு பார்க்கும். மூன்றாம் நாள் சங்கக்கடைக்கு மண்ணெண்ணெய் வாங்க வந்த ஒரு மாமி, "மனேச்சர், அந்தப் பிள்ளைக்குக் காய்ச்சல் விட்டிட்டுதோ?" என்று கேட்டார். அப்பா முகத்தில் ஓர் அசைவும் இல்லாமல், "விட்டிட்டுது அக்கா, இப்ப சாப்பிடுறானாம்" என்றார்.

கீதம் தொடங்கியதும் அப்பா மைக்கில், "வெண்ட ஆக்களுக்கு மரியாதை, எழும்புங்கோ" என்பார். மைதானம் முழுக்க எழும்பும். மடித்துக் கட்டியிருந்த சாரங்களை ஆண்கள் தொடையில் கை வைத்து இறக்கிவிடுவார்கள். அந்தச் சரசரப்பு எனக்கு இப்பவும் காதில் இருக்கிறது. எங்கள் சொந்த நாட்டின் கொடி ஏறினபோது நாங்கள் கதவைத்தான் சாத்தினோம். கொடியைப் பார்த்துக் கண் கலங்க எங்களைப் பழக்கியது, நாங்கள் ஒரு நாளும் கால் வைத்திராத தேசம். அந்தத் தேசமும் பிறகு இல்லாமல் போய்விட்டது.

ஒரு படம் என்னை விட்டுப் போகவே இல்லை. தூரத்து மலைநாட்டில் இருந்து வந்த ஓர் ஓட்டக்காரப் பெண் வெல்கிறாள். கொடி ஏறுகிறது. உடனே ஒரு மலை வீட்டைக் காட்டுகிறார்கள். அவளுடைய தகப்பன், ஆடு மேய்க்கிறவர், வீட்டுக்குள்ளேயே பெரிய கம்பளித் தொப்பியோடு சின்ன டெலிவிஷனுக்கு முன்னால் இருந்து கண்ணைத் துடைக்கிறார். அந்த மனிதர் சொன்னதாக அப்பா மைக்கில் சொன்னார்:

"நான் கொடியைப் பாக்கேல்லை பிள்ளை. உன்ரை காலைத்தான் பாத்துக்கொண்டிருந்தனான், எங்கையும் இடறிப்போடுவியோ எண்டு. வெண்டாலும் தோத்தாலும் இருட்ட முதல் வீட்டை வந்திடு."

பெண்கள் பக்கம் விம்மல் கேட்டது. எனக்குப் பத்து வயது இருக்கும். நானும் அழுதேன். படம் சொன்னதைத்தான் அப்பா சொல்கிறார் என்று நம்பினேன். காய்ச்சல் கதையில் எனக்குச் சந்தேகம் இருந்தது. தொப்பிக்காரரில் சந்தேகமே இருக்கவில்லை.

3

அந்தக் கீதத்தால் எனக்கு இங்கே ஒரு மானக்கேடு நடந்தது. வென்றவர்களுக்குப் போடுகிற பொதுவான பாட்டு அது என்றே நான் நினைத்திருந்தேன். கலியாண வீட்டுக்குக் கெட்டிமேளம் மாதிரி, விளையாட்டுக்கு அது. எந்த நாட்டுக்காரன் வென்றாலும் அதுதான் போடுவார்கள் என்று நினைப்பு. ஊரில் ஒருவரும் வேறு மாதிரிச் சொல்லவும் இல்லை.

மதுரா ஏழு வயதில் பள்ளிக்கூட ஓட்டத்தில் முதலாவதாக வந்தாள். தக்காளிப் பெட்டி ஒன்றைக் கவிழ்த்து மேடையாக்கி அவளை ஏற்றினார்கள். பாட்டு ஒன்றும் போடவில்லை. குறையாக இருக்கிறதே என்று நான் எழுந்து நின்று அந்த மெட்டை மூக்கால் முனகினேன். பக்கத்தில் பேரனோடு வந்திருந்த ஒரு கிழவர் என்னை உற்றுப் பார்த்தார். பிறகு நடுங்கிக்கொண்டு எழும்பி, கையை முஷ்டியாக மடித்து உயரத் தூக்கினார். கண் இரண்டும் நிறைந்திருந்தது. "கொம்பாஞ்ஞோ!" என்றார். தோழரே என்று அர்த்தம். எதற்கும் இருக்கட்டும் என்று நானும் கையைத் தூக்கினேன். ரீச்சர்மார் எங்கள் இருவரையும் பார்த்த பார்வையை ரஜனி இன்றைக்கும் சொல்லிச் சிரிப்பாள். வீட்டுக்கு வந்து கேட்டுத்தான் அது சோவியத் நாட்டின் கீதம் என்று தெரிந்துகொண்டேன்.

சொல்ல வேண்டும் என்று முதலில் தோன்றியது அப்பாவிடம்தான். அப்பா இருக்கவில்லை. கடைசிச் சண்டை முடிந்த பிறகு வவுனியா முகாமில் காலமானார். மதுராவுக்கு அப்போது பல் முளைக்கிற வயது. என்னிடம் பெர்மெஸ்ஸோ என்கிற வதிவிட அனுமதி இருக்கவில்லை, விண்ணப்பித்த துண்டு மட்டும் இருந்தது. அதை வைத்துக்கொண்டு போனால் திரும்பி வரலாமோ தெரியாது என்றார்கள். போகவில்லை. அப்பாவின் படம் ஒன்று இருக்கிறது. குரல் இல்லை. எத்தனை மேடையில், எத்தனை மைக்கில் பேசியவர்! ஒருவரும் அதைப் பதிந்து வைக்கவில்லை. அந்தக் குரலை ஒருக்கால் கேட்க எனக்கு இருக்கிற ஆசையை எழுத்தில் எழுத வராது.

மதுரா வளர்ந்தாள். கழகத்தில் சேர்ந்தாள், வென்றாள். ஆனால் நாட்டுக்கு ஆள் எடுக்கும்போது அவளோடு ஓடி அவளுக்குப் பின்னால் வந்த பிள்ளைகள் போனார்கள், இவள் வீட்டில் நின்றாள். இங்கே பிறந்தாலும் பதினெட்டு வரைக்கும் பிரஜை இல்லை. பதினெட்டு வந்ததும் கொமூனே என்கிற நகரசபைக் கந்தோருக்குப் போனோம். அங்கே கணினியைப் பார்த்த உத்தியோகத்தர் அம்மா, "உங்கள் மகள் ஒரு வருடம் இந்த நாட்டில் இல்லையே" என்றார். அவள் சின்னப் பிள்ளையாக இருந்தபோது இதே நகரத்தில் பிரான்காச்சோப் பக்கம் ஒரு வாடகை வீட்டில் இருந்தோம். விலாசம் பதிய வீட்டுக்காரன் விடவில்லை. அதனால் அந்த வருடம் அவள் இல்லை. அவள் அந்த வருடம் முழுக்க எங்கள் வீட்டுச் சுவரில் கிறுக்கிக்கொண்டு இருந்தாள். அதை எந்தக் கந்தோரில் காட்டுவது? கடைசியில் அவளுக்குப் போட்ட தடுப்பூசி அட்டை காப்பாற்றியது. ஊசி குத்தினபோது வீரிட்டவள் இல்லாமல் இருக்க முடியாது என்று ஒப்புக்கொண்டார்கள்.

கையெழுத்து வைத்து வெளியே வந்து, "இனி நான் ஓடலாம் அப்பா" என்றாள். என்னிடம் இத்தாலியனில்தான் சொன்னாள். இப்போதெல்லாம் தமிழ் அவளுக்குச் சாப்பாட்டுக்கும் தலையிடிக்கும் மட்டும்தான்.

4

படம் எடுக்க வந்த பிள்ளையின் பெயர் கியாரா. இருபத்தைந்து வயது இருக்கும், நல்ல மரியாதை. பழைய விளையாட்டு டொக்குமென்டரிகள் படித்தவளாம். எங்கள் குசினி மேசையில் மடிக்கணினியை வைத்து, "இந்த மாதிரி வேண்டும், ஆனால் இதைவிட மனிதத்தன்மையோடு" என்று ஒரு துண்டைப் போட்டுக் காட்டினாள். சோவியத் படம், இத்தாலியக் குரல்.

கால், சக்கரம், கோதுமை. நான் கதிரையை முன்னுக்கு இழுத்துப் போட்டேன். அடுத்தது என்ன வரும் என்று எனக்குத் தெரியும். மலை வீடு வந்தது. சின்ன டெலிவிஷன். கம்பளித் தொப்பி. அதே படமா என்று கேட்டால் சத்தியம் செய்ய மாட்டேன். தொப்பி அதே தொப்பி. அவர் கண்ணைத் துடைத்தார். இத்தாலியக் குரல் சொன்னது: ஒரு மாபெரும் தாயகத்தின் பெருமை இந்த எளிய தந்தையின் கண்ணீரில் மின்னுகிறது.

அவ்வளவுதான். காலும் இல்லை, இடறலும் இல்லை, இருட்ட முதல் வீட்டை வருவதும் இல்லை. நாற்பது வருடத்துக்கு மேலாக ஓர் ஆட்டுக்காரர் சொன்னார் என்று நான் நெஞ்சில் வைத்திருந்ததை, முள்ளியவளைச் சங்கக்கடை மனேச்சர் தன் வாயால் உண்டாக்கிச் சொல்லியிருக்கிறார். பக்கத்தில் மண்ணில் குந்தியிருந்த தன் மகனை வைத்துக்கொண்டு. ரஜனி என் கண்ணைப் பார்த்து "என்னப்பா?" என்று கேட்டாள். புகை என்றேன். அடுப்பு எரியவே இல்லை.

பிறகு வேலை தொடங்கியது. குசினியில் நிற்கிற ரஜனியைப் பட்டுச்சேலை உடுத்தச் சொன்னார்கள். சுவாமி அறையில் இருந்த குத்துவிளக்கை எடுத்துக் குளிர்பெட்டிக்கு மேல் வைத்தார்கள். என்னை டெலிவிஷனுக்கு முன்னால் இருத்தி, அஞ்சல் ஓட்டத்தைத் திருப்பிப் போட்டார்கள். வீட்டுக்குள் அந்த மனிதர் ஏன் தொப்பி போட்டிருந்தார் என்று சின்ன வயதில் நான் யோசித்ததுண்டு. இப்போது விளங்கியது. யாரோ ஒரு கியாரா போடச் சொல்லியிருப்பாள்.

மதுரா கமராவுக்கு வெளியே, சுவரில் சாய்ந்து நின்றாள். நகம் கடித்தாள். ஓட்டத்துக்கு முதல்கூட அவள் நகம் கடிப்பதில்லை.

"நீலச் சட்டையோடு உங்கள் மகள் நிற்க, கொடி ஏறுகிறது. உங்களுக்கு என்ன தோன்றுகிறது?" என்று கியாரா கேட்டாள்.

நான் இத்தாலியனில் தொடங்கினேன். இருபது வருடத்து இத்தாலியன்தான், ஆனால் அது படிக்கட்டுக் கழுவுகிற இத்தாலியன். வாளி, துடைப்பம், நாளைக்கு வாறன், சின்யோரா கவனம் நிலம் ஈரம். அதற்குள் இதற்கு இடம் இல்லை. இரண்டு தரம் தொடங்கி இரண்டு தரமும் நின்றேன். "உங்கள் மொழியிலேயே சொல்லுங்கள், மதுரா மொழிபெயர்க்கட்டும்" என்றாள் கியாரா.

டெலிவிஷனில் மதுராவின் கையில் அஞ்சல் தடி கிடைத்தது. ஓடத் தொடங்கினாள். என் கை தானாகத் தொடைக்குப் போனது. நான் கால்சட்டை போட்டிருந்தேன், இறக்கிவிட ஒன்றும் இல்லை. வாய் திறந்தது.

"நான் கொடியைப் பாக்கேல்லை பிள்ளை. உன்ரை காலைத்தான் பாத்துக்கொண்டிருந்தனான், எங்கையும் இடறிப்போடுவியோ எண்டு. எந்தச் சட்டையைப் போட்டு ஓடினாலும் எனக்கு அதுதான். வெண்டாலும் தோத்தாலும் இருட்ட முதல் வீட்டை வந்திடு. எனக்குச் சந்தோசமம்மா. நல்ல சந்தோசம்."

கடைசி இரண்டும் அப்பாவுடையது இல்லை. அவை என்னுடையவை. சொல்லி முடித்தபோது எனக்கு மூச்சு வாங்கியது, நானே ஓடினது மாதிரி.

கியாரா மதுராவைப் பார்த்தாள். மதுரா நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு நிமிர்ந்து, தெளிவான இத்தாலியனில் சொன்னாள்:

"கொடி ஏறும்போது என் கண்கள் நிறைகின்றன, இன்று அது என் கொடியும்தான் என்று சொல்கிறார்."

கியாரா நெஞ்சில் கை வைத்து "பெல்லீஸ்ஸிமோ" என்றாள். கமராக்காரன் கட்டைவிரலைக் காட்டினான். எனக்கு எல்லாம் விளங்கியது. பேசத்தான் என் இத்தாலியன் காணாது, கேட்கக் காணும். எனக்கு முதலில் சிரிப்பு வந்தது. மைக்கை வாங்கிக்கொண்டு இருக்கும் அப்பாவை அவளில் அப்படியே கண்டேன். அவள் அவரைக் கண்டதில்லை, இந்தக் கதையை நான் அவளுக்குச் சொன்னதும் இல்லை. பிறகு சிரிப்பு அடங்கியது. என் சொல் அவளுக்கு வெட்கமாக இருந்திருக்கிறது. மற்றவர்கள் முன்னால் வைக்கத்தக்கது இல்லை என்று ஒதுக்கிவிட்டாள். நான் ஒன்றும் கேட்கவில்லை. சாமான்களைக் கட்டிக்கொண்டு அவர்கள் போனார்கள், குத்துவிளக்கு இரண்டு நாள் குளிர்பெட்டிக்கு மேலேயே இருந்தது.

5

போன சனிக்கிழமை பக்கத்து ஊரான பகேரியாவில் ஒரு பழைய மாளிகையின் முற்றத்தில் படத்தைப் போட்டார்கள். நாங்கள் ரயிலில் போனோம். முன் வரிசைகளில் கழகத்து ஆட்கள், ஊர்ப் பெரிய மனிதர்கள். பின்னால், மாதா கோயிலில் ரஜனிக்குப் பழக்கமான மன்னார்ச் சனம் ஐந்தாறு பேர்.

என் நிமிடம் வந்தது. திரையில் நான் தமிழில் கதைத்தேன். கீழே இத்தாலியனில் எழுத்து ஓடியது, கண்கள் நிறைகின்றன, என் கொடியும்தான். முன் வரிசையில் ஓர் அம்மா கைக்குட்டையை எடுத்தார். கை தட்டினார்கள். பின்வரிசையில் கை தட்டும் சத்தம் கேட்கவில்லை. திரும்பிப் பார்த்தேன். ஒரு மன்னார் அக்கா சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டு இருந்தார். ஒரே முற்றத்தில் இரண்டு படம் ஓடியது. அப்பா இருந்திருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பார். அப்பா இருந்திருக்க வேண்டும்.

முடிந்து வெளியே வந்ததும் அந்த அக்காவின் புருசன் என் தோளில் தட்டினார். "என்னண்ணை, மேலை ஒண்டு சொல்லுறியள், கீழை ஒண்டு எழுதியிருக்கு! வெள்ளையள் ஏமாந்திட்டாங்கள்" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். பக்கத்தில் நின்ற மதுரா சிரிக்கவில்லை.

ஸ்ரேசனில் ரஜனி அவர்களோடு கதைத்துக்கொண்டு முன்னால் போனாள். நானும் மதுராவும் பின்னால் நின்றோம். இனியும் கேட்காவிட்டால் ஒரு நாளும் கேட்க மாட்டேன் என்று தெரிந்தது.

"ஏன் பிள்ளை மாத்திச் சொன்னனீ? நான் சொன்னது நல்லாயில்லையோ?"

"மா பப்பா…" என்று இத்தாலியனில் தொடங்கினாள். நிறுத்தினாள். தமிழைத் தேடினாள். நான் காத்துக்கொண்டு நின்றேன். தண்டவாளத்தில் தூரத்து வெளிச்சம் தெரிந்தது.

"கீழை எழுதினது அவையளுக்கு" என்றாள். "மேலை சொன்னது எனக்குத்தானே அப்பா. அதை நான் ஏன் அவையளுக்குக் குடுக்க வேணும்?"

அவள் என் கையைப் பிடித்து இழுத்தாள்.

"வாங்கோ. இருட்டிப் போச்சு, வீட்டை போவம்."

ரயில் வந்து நின்றது. படி உயரம். அவள் ஏறும்போது நான் அவளுடைய காலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.